நடுங்குகிறவருக்கு ஏது ஸ்டைல்?

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

குளிர்காலத்தில் திறந்தவெளி விழாவுக்குப் போகிறவர் உடையில் முதலில் பார்க்க வேண்டியது அழகா, கதகதப்பா? இதுதான் தலைப்பு. கதகதப்பே என்று பேச வந்திருக்கிறேன். எதிரணித் தலைவர் 'ஆள் பாதி, ஆடை பாதி' என்று ஆரம்பித்தார். சரி, அந்த ஆள் பாதி விறைத்துப் போனால் ஆடைப் பாதியை வைத்து என்ன செய்வது?

ஜீன்ஸ், காட்டன் டி-ஷர்ட், மேலே மெல்லிய ஜாக்கெட், தலைக்கு ஒரு குல்லா போதும் என்றார். உடம்புச் சூட்டில் பாதி தலை வழியாகத்தான் போகிறதாம்! நடுவர் அவர்களே, உடம்பின் பரப்பில் தலை ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு. அது வழியாகப் போகும் சூடும் கிட்டத்தட்ட அவ்வளவுதான். குல்லா தாராளமாகப் போடுங்கள். மிச்சம் ஒன்பது பங்கை என்ன செய்யப் போகிறீர்கள்?

அந்தக் காட்டன் டி-ஷர்ட்டுக்கு வருகிறேன். மேடையில் பாட்டு களைகட்டியதும் கூட்டத்தோடு சேர்ந்து குதிப்போம், வியர்க்கும். பருத்தி அந்த வியர்வையைக் குடித்துக்கொண்டு லேசில் விடாது. பாட்டு நின்று, அடுத்த குழு வரும்வரை சும்மா நிற்கிறோமே, அப்போது ஈரத்துணி முதுகில் ஒட்டும். அங்கே ஆரம்பிக்கிறது பல் கிட்டுவது! தண்ணீர் காற்றைவிட இருபது மடங்குக்கும் மேலாகச் சூட்டைக் கடத்தும். போதாததற்கு, 0 டிகிரி குளிரில் மணிக்கு 30 கிலோமீட்டர் வேகத்தில் காற்றடித்தால் தோலுக்கு அது மைனஸ் 6 போல உறைக்கும். செல்ஃபியில் சிரிப்பதற்குக்கூட உதடு ஒத்துழைக்காது.

எங்கள் அணி சொல்வது இதுதான்: உடம்பை ஒட்டி மெரினோ என்ற ஆட்டினத்தின் மெல்லிய கம்பளி, அதன்மேல் ஃப்ளீஸ் என்ற பஞ்சுபோன்ற செயற்கைத் துணி அல்லது பறவை இறகு அடைத்த ஜாக்கெட், வெளியே காற்றும் மழையும் புகாத மேலுடை. நம்மைக் காப்பது துணியின் கனம் அல்ல, உள்ளே அசையாமல் மாட்டிக்கொண்ட காற்று. அதனால் ஒரே தடித்த கோட்டைவிட மூன்று மெல்லிய அடுக்கு மேல். ஆட்டம் தொடங்கும்போது ஒன்றைக் கழற்றி இடுப்பில் கட்டிக்கொள்ளலாம், நின்றதும் போட்டுக்கொள்ளலாம். காலுக்கும் இதே கணக்குதான். இறுக்கமான பூட்ஸுக்குள் இரண்டு சாக்ஸைத் திணித்தால் உள்ளே காற்றுக்கு இடமில்லை, ரத்த ஓட்டமும் குறையும். கால் முன்னைவிடச் சில்லிட்டுப் போகும்.

'மூட்டை மாதிரித் தெரிவோமே' என்று எதிரணி அம்மையார் வருத்தப்பட்டார். அம்மா, நீங்கள் ஸ்டைல் என்று கொண்டாடும் கோட்டுகள் எங்கே பிறந்தன? டஃபிள் கோட்டை எடுத்துக்கொள்ளுங்கள். முன்பக்கம் பட்டனுக்குப் பதிலாக நீளமான மரக்கட்டைகள், அவற்றை மாட்டக் கயிற்று வளையங்கள். பார்க்க எத்தனை அழகு! அதை அணிந்த பிரிட்டிஷ் கடற்படையினர் நடுங்கும் குளிரில் கையுறையைக் கழற்றாமலே மாட்டவும் அவிழ்க்கவும் முடிந்தது. இடுப்பில் பெல்ட் கட்டும் நீள மழைக்கோட்டான ட்ரெஞ்ச் கோட், முதல் உலகப் போரில் மழையிலும் சேற்றிலும் நின்ற அதிகாரிகள் போட்டது. எடி பாவர் என்ற அமெரிக்கர் குளிர்காலத்தில் மீன்பிடிக்கப் போய் விறைத்துச் சாகும் நிலைக்கே போய்விட்டார். அதன் பிறகுதான் தையல் போட்டு அறை அறையாகப் பிரித்த இறகு ஜாக்கெட்டை உருவாக்கி, 1940-இல் காப்புரிமையும் பெற்றார். இவர்களில் யாரும் ஃபேஷனுக்காகக் கண்ணாடி முன் நிற்கவில்லை. குளிருக்குப் பதில் சொன்னார்கள், அழகு தானாகப் பின்னால் வந்தது.

அழகு வேண்டாம் என்று நான் சொல்லவே இல்லை, நடுவர் அவர்களே. அடுக்குகளை ஒரே நிறக் குடும்பத்தில் வைத்துக்கொண்டு, மஃப்ளரை மட்டும் கண்ணைப் பறிக்கும் நிறத்தில் எடுங்கள். புகைப்படத்தில் முகத்துக்குப் பக்கத்தில் இருப்பது அதுதான். வெளி ஜாக்கெட் தோளில் சரியாக உட்காரட்டும். கடைக்காரர் என்ன சொன்னாலும், உள்ளே ஃப்ளீஸைப் போட்டுக்கொண்டு கையை மேலே தூக்கிப் பார்த்த பிறகே வாங்குங்கள்.

அடுத்துப் பேச வரும் எதிரணி நண்பர் இதற்கு மட்டும் பதில் சொல்லட்டும். கடைசிப் பாட்டுக்குத்தான் கூட்டம் அத்தனையும் எழுந்து நிற்கிறது, கேமராக்கள் எல்லாம் திரும்புகின்றன. மெல்லிய ஜாக்கெட்டில் வந்த உங்கள் ஸ்டைல் மன்னர் அந்த நேரத்தில் எங்கே இருப்பார்?