கத்தரிச் சத்தம் கிடைத்துவிட்டது!

வணக்கம் மக்களே! முக்கூடலில் இருந்து இப்போதுதான் திருநெல்வேலி வந்து இறங்கினேன். முகம்கூடக் கழுவவில்லை. பீடி இலை வெட்டும் கத்தரிச் சத்தம் கிடைத்துவிட்டது!

பீடி சுற்றும் பெண்களைப் பற்றிய என் முதல் ஆவணப்படம் ஒலியில்தான் சிக்கி நின்றது, போன வீடியோக்களில் பார்த்திருப்பீர்கள். ஆடிக் காற்று அப்படி. பட்டன் மைக்கில் புஸ் புஸ் என்ற இரைச்சல்தான். மைக்கின் மேல் மாட்டும் ரோம உறைக்கு ஜங்ஷன் பக்கம் ஒரு கடையில் 850 ரூபாய் சொன்னார்கள். கட்டைவிரல் அளவு உறை, 850! எனக்கு மனசே ஆறவில்லை. நாள் முழுக்கக் குனிந்து ஆயிரம் பீடி சுற்றினாலும் அந்த அக்காமார் கையில் இதில் பாதிகூட வராது. வாங்க மாட்டேன் என்று வந்துவிட்டேன். வீட்டில் கிடந்த பழைய கரடி பொம்மையின் காதை வெட்டி, நூல் கோத்துச் சுருக்கி மாட்டினேன். இதோ பாருங்கள், இதுதான். மாட்டியதும் காற்று அப்படியே அடங்கிவிட்டது!

திண்ணையில் ஓர் அக்கா, மடியில் சுளவு, அதாவது முறம். அளவுத் தகட்டை இலைமேல் வைத்துக் கத்தரி ஓட்டுகிறார்: கரக், கரக். அப்புறம் தூள் போட்டு, உருட்டி, நூலைச் சுற்றி, முனையை மடக்கி... கையை ஒருமுறைகூடப் பார்க்கவில்லை. மகனிடம் வாய்ப்பாடு கேட்டுக்கொண்டே சுற்றுகிறார்.

இருங்கள், ஒன்றைச் சொல்ல விட்டுவிட்டேன். இலை ஈரமாக இருக்க வேண்டும், காய்ந்தால் மடிக்கும்போது உடைந்துவிடும். அதனால்தான் இந்தச் சத்தம் இவ்வளவு மெத்தென்று இருக்கிறது.

இதன்மேல் சோகப் புல்லாங்குழல் போடச் சொல்லி ஒரு நண்பர் யோசனை சொன்னார். முடியவே முடியாது. உழைக்கிறவர் முகத்தில் இசையைக் கொட்டி அழவைப்பது எனக்குச் சுத்தமாகப் பிடிக்காது. அந்தக் கை வேலை செய்வதைக் கேட்டாலே போதும். 1966-ஆம் ஆண்டு பீடி, சுருட்டுத் தொழிலாளர் சட்டமே வீட்டில் இருந்து சுற்றுகிறவரும் தொழிலாளிதான் என்று சொன்னது. ஆனாலும் 'வீட்டில் சும்மா உட்கார்ந்து சுற்றுகிறார்கள்' என்ற பேச்சு இன்னும் ஓயவில்லை. சாயங்காலம், சுற்றிய பீடியைக் கொடுக்கும் கடையில் ஒருவர் அக்காவின் பீடிக் கட்டைப் பிரித்து, சரியில்லை என்று ஒரு பிடியைத் தூக்கி ஓரமாகப் போட்டார். அதற்குக் கூலி கிடையாது. அந்தப் பீடியும் அக்காவிடம் திரும்பி வரவில்லை. பார்த்துக்கொண்டு நின்ற எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

பதிவு செய்த சத்தத்தைப் போட்டு, ஹெட்போனை அக்கா காதில் மாட்டிவிட்டேன். கண்ணை மூடிக் கேட்டார்.

"ஏட்டி, இது என் கத்தரில்லா! திருகாணி லூசா கெடக்கு, அதான் ரெண்டு சத்தமா கேக்கு."

மறுபடி போட்டுக் கேட்டேன். ஆமாம், ஒவ்வொரு வெட்டுக்கும் இரண்டு சத்தம். பதிவான நான்கு நிமிடச் சத்தத்தையும் வெட்டாமல் அப்படியே படத்தில் வைக்கப்போகிறேன்.