இல்லாத சங்கத்திற்கு எழுதிய கடிதங்கள்

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

எழுதியது எழுதியபடியே நடந்துவிடும் ஆற்றல் பெற்ற எழுத்தர்கள் சிலர், ஊர் உலகம் அறியாமல் ஒரு சங்கமாகக் கூடி வாழ்கிறார்கள் என்ற கற்பனை, கதை எழுதுகிறவர்களுக்கும் படிக்கிறவர்களுக்கும் சலிக்காத ஒன்று. அந்தக் கற்பனையை ஏறத்தாழ நிகழ்த்தியே காட்டிவிட்ட ஒரு சிறு நூலைப் பற்றி மட்டும் இன்று பேச நினைக்கிறேன். 1614-ஆம் ஆண்டு ஜெர்மனியின் காஸல் நகரில், ஆசிரியர் பெயர் இல்லாமல் அச்சாகி வந்த அந்த நூலைச் சுருக்கமாக 'ஃபாமா' என்பார்கள். இந்த லத்தீன் சொல்லுக்குப் புகழ் என்றும் பொருள், ஊர்ப்பேச்சு என்றும் பொருள். நம் அகப்பாடல்களில் வரும் 'அலர்' இரண்டாவது பொருளுக்கு மிக நெருங்கியது.

நூல் சொல்லும் கதை இது. வறுமையால் ஐந்து வயதிலேயே மடத்தில் விடப்பட்ட ஒரு ஜெர்மானியச் சிறுவன், வளர்ந்து கீழைநாடுகளுக்குப் பயணமாகி, அரபு அறிஞர்களிடமும் மொராக்கோவின் ஃபெஸ் நகரத்தாரிடமும் கற்றுக்கொண்டு, ஸ்பெயினில் அந்த அறிவைச் சொன்னபோது நகைக்கப்பட்டு, ஊர் திரும்புகிறான். கிறிஸ்டியன் ரோசன்குரோய்ட்ஸ் (ரோசாச் சிலுவை என்று பொருள்படும் பெயர்) என்று பின்னர் அறியப்பட்ட அவன், தன் பழைய மடத்திலிருந்து மூவரைச் சேர்த்துக்கொள்கிறான். அவர்கள் ஏற்கும் முதற் கடமை, அவன் சொல்வதை ஓர் அசையும் பிசகாமல் எழுதிவைப்பது. அவர்கள் செய்யும் முதல் வேலை, ஒரு மறைமொழியையும் அதற்கான எழுத்தையும் பெரிய அகராதியையும் உருவாக்குவது. பின்பு எண்மராகப் பெருகும்போது ஒருவர் ஓவியராகவும் ஒருவர் சங்கத்தின் எழுத்தராகவும் வருகிறார்கள். தனி உடை கூடாது, கூலி வாங்காமல் நோய் தீர்க்க வேண்டும், நூறாண்டு மறைந்திருக்க வேண்டும் என்பவை அவர்களுடைய விதிகளுட் சில.

நூலின் உச்சம் கல்லறைக் காட்சி. பழைய கட்டடத்தைச் செப்பனிடும் சகோதரர் ஒருவர், சுவரில் பதித்த பித்தளைப் பலகையில் அடித்திருந்த ஆணியைப் பிடித்து இழுக்கிறார். ஆணியோடு சுவரும் கொஞ்சம் பெயர்ந்து வர, உள்ளே ஒரு கதவு தெரிகிறது. '120 ஆண்டுகளுக்குப் பின் திறப்பேன்' என்று அதில் பெரிய எழுத்தில் பொறித்திருக்கிறது. உள்ளே ஏழு சுவர்கள். ஒவ்வொன்றும் ஐந்தடி அகலம், எட்டடி உயரம். மேலே ஒரு செயற்கைச் சூரியன். நடுவில் வட்டமான பீடம். அதன் கீழே அழுகாத உடல், கையில் பொன்னெழுத்தில் எழுதிய தோல் நூல். சுவர்ப் பெட்டிகளில் சங்கத்தின் நூல்களோடு பாரசெல்சஸ் என்னும் மருத்துவரின் சொல்லகராதியும் இருக்கிறது. அடுத்த ஆண்டு வந்த இரண்டாம் நூல் தரும் கணக்குப்படி கல்லறை மூடப்பட்டது 1484-இல். பாரசெல்சஸ் பிறந்ததோ 1493-இல்! இது கைத்தவறா, கண்சிமிட்டலா? கண்சிமிட்டல் என்பதே என் கட்சி. அன்றைய வாசகர்களில் பெரும்பாலோர் அதைக் கண்டுகொள்ளவில்லை.

இனி இந்த நூலின் சூட்சுமத்துக்கு வருகிறேன். ஐரோப்பாவின் அறிஞர்கள் எல்லாரும் தங்கள் கருத்தை அச்சிலோ கையெழுத்திலோ தெரிவிக்க வேண்டும், எந்த மொழியில் எழுதினாலும் அது எங்கள் கைக்கு வந்து சேரும் என்று ஃபாமா அழைப்பு விடுக்கிறது. முகவரி மட்டும் இல்லை. இல்லாத ஊருக்குப் போகாத வழி என்பார்களே, அதுதான். முகவரி இருந்திருந்தால் நாலு பேர் நேரில் போய்க் கதவைத் தட்டி, ஒருவரும் இல்லை என்று கண்டு திரும்பியிருப்பார்கள். கதை அன்றோடு முடிந்திருக்கும். முகவரி இல்லாததால் பதில் எழுத நினைத்தவர்கள் தங்கள் பதிலை அச்சிட வேண்டியதாயிற்று. அச்சிட்ட ஒவ்வொரு பதிலும், சங்கம் உண்டு என்பதற்கு அடுத்தவருக்கு ஒரு சான்றாயிற்று. ஊரார் அலர் எருவாகக் காதல் வளர்வதை நம் புலவர்கள் பாடியிருக்கிறார்கள். இங்கே சங்கமே அந்த எருவில் வளர்ந்தது.

காலமும் வாய்ப்பாக இருந்தது. லூத்தரின் கிறித்தவச் சமயச் சீர்திருத்தம் நூறாண்டை நெருங்கிக்கொண்டிருந்தது, 1604-இல் வானில் புதிய விண்மீன் ஒன்று தோன்றியிருந்தது, ஏதோ பெரிதாக நடக்கப்போகிறது என்று எல்லாரும் எதிர்பார்த்திருந்தார்கள். பதில்கள் நூற்றுக்கணக்கில் குவிந்தன. வேதியியலாளர் லிபாவியுஸ் கண்டித்தார். ஆங்கில மருத்துவர் ராபர்ட் ஃப்ளட் 1616-இல் ஆதரித்து எழுதினார். பேரரசர் இரண்டாம் ருடால்ஃபிடம் மருத்துவராக இருந்த மிகாயெல் மையரோ, இத்தனை பேர் கூப்பிட்டும் சகோதரர்கள் ஏன் பதில் தரவில்லை என்பதற்கு விளக்கம் சொல்லவே 1617-இல் ஒரு தனி நூல் எழுதினார். எல்லாவற்றிலும் துயரமானது ஆடம் ஹாஸில்மயரின் கதை. அச்சேறுவதற்கு முன்பே கையெழுத்துப் படியைப் படித்து மனமுருகிப் பதில் எழுதிய அவர், அதன் பொருட்டு ஜெசூட்டுகள் என்னும் கத்தோலிக்கத் துறவியரால் பிடிக்கப்பட்டு, கப்பலில் விலங்கோடு அடைக்கப்பட்டதாக ஃபாமாவின் தலைப்புப் பக்கமே அறிவிக்கிறது. சங்கம் கற்பனைதான், விலங்கு இரும்பாலானது.

1623-இல் பாரிஸ் சுவர்களில் அறிவிப்புகள் தோன்றின: ரோசாச் சிலுவைச் சகோதரர்கள் இந்நகரில் கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் தங்கியிருக்கிறார்களாம். நகரம் கலங்கியது. அவ்வேளையில் ஜெர்மனியிலிருந்து திரும்பிய தத்துவஞானி டெக்கார்ட் மீதும் அந்தச் சந்தேகம் விழ, அவர் நண்பர்கள் வீடுகளுக்கெல்லாம் போய் எல்லார் கண்ணிலும் படும்படி நின்றாராம். கண்ணுக்குத் தெரிகிறவன் மாயச் சகோதரனாக இருக்க முடியாதல்லவா? அவருடைய பழைய வாழ்க்கை வரலாறு இதைப் பதிவு செய்கிறது. ஜெர்மனியில் இருந்தபோது அவரே இச்சகோதரர்களைத் தேடி அலைந்தும் ஒருவரையும் காணவில்லை என்பது இதைவிடச் சுவையானது.

இவ்வளவும் எழுதியது யார்? ஆய்வாளர்கள் பலரும் டூபிங்கன் பல்கலைக்கழக நகரின் நண்பர் குழு ஒன்றைச் சுட்டுகிறார்கள். அவர்களுள் ஒருவர் யோஹான் வாலண்டின் ஆந்திரேயே என்ற லூத்தரனியப் போதகர். அவருடைய குடும்பச் சின்னத்தில் ஒரு சிலுவையும் நான்கு ரோசாக்களும் உண்டு. 1616-இல் வந்த மூன்றாம் நூலைத் தாமே இளமையில் எழுதியதாகத் தம் வரலாற்றில் ஒப்புக்கொண்ட அவர், அதை வெறும் விளையாட்டு என்று தள்ளினார். அவர் மனமார விரும்பியது ஒரு மெய்யான கிறித்தவ அறிஞர் சங்கம். அதற்கு நோக்கம் இருந்தது, உயிருள்ள உறுப்பினர்களும் இருந்தார்கள். முப்பதாண்டுப் போர் அதைச் சிதறடித்தது. 1634-இல் அவர் வாழ்ந்த கால்வ் நகரம் எரிந்தபோது அவருடைய நூலகமும் எரிந்தது. அவர் மறுத்த சங்கத்தை மட்டும் எந்தத் தீயும் தொடவில்லை, ஏனென்றால் எரிக்க அதற்கு ஒரு கட்டடமும் இல்லை.

பதினெட்டாம் நூற்றாண்டில் அதே பெயரில் உண்மையாகவே சங்கங்கள் எழுந்தன, படிநிலைகளோடும் உறுதிமொழிகளோடும். 1781-இல் ஜெர்மானிய அரசுகளுள் ஒன்றான பிரஷ்யாவின் பட்டத்து இளவரசர் அப்படி ஒரு சங்கத்தில் சேர்ந்தார். இரண்டாம் ஃபிரெட்ரிக் வில்ஹெல்ம் என்ற பெயரில் அவர் அரசரானபின், அதே சங்கத்து வோல்னர் 1788-இல் அமைச்சராகி, போதகர்கள் எதைப் போதிக்கலாம் என்பதற்கு ஓர் ஆணையும் தணிக்கைக்கு இன்னோர் ஆணையும் கொண்டுவந்தார். 1794-இல், அதாவது ஃபாமா அச்சாகிச் சரியாக 180 ஆண்டுகள் கழித்து, கோனிக்ஸ்பெர்க்கில் வயது எழுபதான தத்துவஞானி இம்மானுவேல் காண்ட்டுக்கு அரசர் பெயரில் ஒரு கடிதம் போயிற்று. சமயத்தைப் பற்றி இனி இவ்வாறு எழுதினால் விரும்பத்தகாத விளைவுகள் நேரும் என்று அது எச்சரித்தது. கீழே வோல்னரின் கையொப்பம்.

மன்னரின் விசுவாசமான குடிமகனாகச் சமயத்தைப் பற்றி இனி எழுதுவதில்லை என்று காண்ட் பதில் எழுதினார். 1797-இல் மன்னர் இறந்தார். அந்த வாக்குறுதி மன்னருடைய ஆயுளுக்கு மட்டுமே உரியது என்று கொண்ட காண்ட், வந்த கடிதத்தையும் தம் பதிலையும் மறு ஆண்டே தம் நூல் ஒன்றின் முன்னுரையில் அச்சிட்டு வெளியிட்டார்.