டெடலஸ்: கொண்டாடவா, கண்டிக்கவா? ‘கண்டிக்கவே’ அணியின் உரை

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

கிரேக்கப் புராணத்தின் பெரிய கைவினைஞன் டெடலஸ். அவன் கிரீட் தீவில் கட்டிய புதிர்மாளிகை, சிறையிலிருந்து தப்பப் பூட்டிக்கொண்ட இறக்கை, இந்த இரண்டையும் சொல்லியே எதிரணித் தலைவர் கைதட்டு வாங்கிவிட்டார். நாங்களும்தான் தட்டினோம், மறைக்கவில்லை. ஆனால் போகிற போக்கில், “மகன் இக்காரஸ் கடலில் விழுந்து செத்தது அவன் சொல்பேச்சு கேளாததால்” என்று ஒரு தீர்ப்பும் சொன்னார் பாருங்கள், அங்கேதான் எங்களுக்கு வழக்கு. ஒழுக்கத்தைக் காட்டி அடிக்க வரவில்லை. வேலையைப் பிரித்துப் பார்த்தே பேசுகிறோம்.

இறக்கை எப்படிக் கட்டப்பட்டது என்பதை ரோமக் கவிஞர் ஓவிட் சொல்லியிருக்கிறார். சிறிய இறகில் தொடங்கி நீளம் ஏற ஏற அடுக்கினான். வரிசையின் நடுவில் நூல் கட்டினான். அடிப்பக்கத்தை மெழுகால் ஒட்டினான். பிறகு பறவையின் இறக்கை போலச் சற்றே வளைத்தான். அவையோர் இந்த வரிசையைக் கவனிக்க வேண்டும்: நடுவில் நூல், அடியில் மெழுகு.

ஓர் இறகின் பரப்பில் காற்று அழுத்தும்போது, அதை வளைத்து ஒடிக்கப் பார்க்கும் விசை எங்கே மிக அதிகம்? நுனியில் இல்லை, நடுவிலும் இல்லை. காம்பு பொருந்தியிருக்கும் அடியில். நடுவில் கட்டிய நூல் பக்கத்து இறகுகளை ஒன்றோடொன்று பிணைக்கும், அவ்வளவுதான். இறகைச் சட்டத்தில் பிடித்து நிறுத்துவது அடிப்பிடிப்பு. பாரம் முழுக்க இறங்கும் அந்த இடத்தில் அவன் வைத்தது தேன்மெழுகு. அது உருகுவது 62 முதல் 64 டிகிரி செல்சியஸில். ஆனால் பிடி விட அது உருகவே வேண்டாம். 35 டிகிரி தாண்டினாலே விரலால் பிசையலாம். அந்த நிலையில் தொடர்ந்து பாரம் ஏற்றினால் காம்பு மெல்ல மெல்ல நழுவும்.

மேலே போனால் குளிரத்தானே செய்யும், ஒரு கிலோமீட்டருக்குச் சுமார் ஆறரை டிகிரி குறையுமே என்று அறிவியல் படித்தவர்கள் கேட்கலாம். புராண உலகத்தில் சூரியன் பக்கத்தில் இருக்கிறது; அதையே வைத்துக்கொள்வோம். “உயரப் போகாதே, வெயிலில் மெழுகு இளகும், தாழப் போகாதே, கடல் ஈரத்தில் இறகு கனக்கும்” என்று மகனிடம் சொன்னவன் யார்? டெடலஸேதான். வெப்பம் வரும் என்று தெரிந்தே, வெப்பத்தில் இளகும் பொருளைப் பாரம் தாங்கும் இடத்தில் வைத்துவிட்டு, “பார்த்துப் போ” என்று ஒரு சிறுவனிடம் சொல்வதற்குப் பெயர் எச்சரிக்கையா? வடிவமைப்பில் அடைக்க வேண்டிய ஓட்டையை வாய்ச்சொல்லால் அடைத்திருக்கிறான்.

வேறு வழி இல்லை என்பார்களா? ரோம அறிஞர் பிளினி தச்சுக்கலையையே டெடலஸின் கண்டுபிடிப்பாகச் சொல்லி, அதில் ரம்பம், வாய்ச்சி, தூக்குக்குண்டு, துளையிடும் கருவி, பசை, மீன்பசை என்று அடுக்குகிறார். பசையைக் கண்டுபிடித்தவனே மெழுகை எடுத்திருக்கிறான்! நியாயமாகச் சொன்னால் அதற்கும் காரணம் உண்டு: மீன்பசை ஈரம் பட்டால் ஊறி விட்டுவிடும், கீழே கடல். மெழுகுக்கு அந்தப் பயம் இல்லை. ஒத்துக்கொள்கிறோம். அப்படியானால் கையில் இருந்த அதே நூலைக் காம்பின் அடியிலும் சுற்றி, மெழுகை அதன்மேல் பூச்சாக மட்டும் விட்டிருக்கலாமே? இன்னும் கொஞ்சம் நூல், இன்னும் கொஞ்ச நேரம். அதைத்தான் கேட்கிறோம்.

சோதனையாவது செய்தானா? செய்தான். தானே இறக்கையை அசைத்துக் காற்றில் நின்று பார்த்தான். சிறிது நேரச் சோதனையில் மெழுகு பிடித்துத்தான் நிற்கும். அதன் நழுவல் நெடுநேரப் பாரத்தில்தான் தெரியும். எவ்வளவு நேரம் என்று அறிய, அவன் பெயரையே வைத்து அமெரிக்காவின் எம்.ஐ.டி. தொழில்நுட்பக் கல்வி நிறுவனக் குழு உருவாக்கிய மிதிவிமானத்தைப் பாருங்கள். 1988 ஏப்ரல் 23 அன்று கனெல்லோஸ் கனெல்லோபூலோஸ் என்ற கிரேக்க மிதிவண்டி வீரர் அதை மிதித்து, கிரீட்டிலிருந்து சாண்டோரினித் தீவு வரை 115 கிலோமீட்டர் பறந்தார். 3 மணி 54 நிமிடம். விமானத்தின் எடை சுமார் 31 கிலோ, இறக்கையின் அகலம் 34 மீட்டர். கரையை நெருங்கியபோது காற்று மோதி வால்தண்டு ஒடிந்தது. சில மீட்டர் தொலைவில் கடலில் விழுந்தவர் நீந்திக் கரையேறிவிட்டார். அவர்களும் ஒடியக்கூடிய பொருளில்தான் செய்தார்கள். ஆனால் முன்னோடி விமானம் ஒன்றைச் செய்து நெடுந்தூரம் ஓட்டிப் பார்த்த பிறகே கடலுக்கு வந்தார்கள். கூடவே கீழே படகுகளும் வந்தன.

அவனுடைய கைத்திறன் மட்டம் என்று நாங்கள் சொல்லவில்லை. சிசிலியில் தங்கத்தில் தேனடை வார்த்தான் என்றொரு கதை உண்டு. நிஜத் தேனடையின் சுவர் ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்குகூட இராது. அதன்மேல் களிமண் பூசிச் சுட்டு, உள்ளே உருகும் மெழுகை ஓடவிட்டு, அந்த இடுக்கில் 1,064 டிகிரியில் உருகும் தங்கத்தை ஊற்ற வேண்டும். அச்சு ஆறியிருந்தால் தங்கம் பாதி வழியிலேயே உறையும். காற்று வெளியேறத் துளை வைக்காவிட்டால் அறைகள் நிரம்பாது. இதைச் செய்தவனுக்கு மெழுகின் குணம் தெரியாது என்று யாரும் சொல்ல முடியாது. எங்கள் வழக்குக்கு அவனே சாட்சி.

கிரீட்டின் அரசி பாசிஃபே ஒரு காளையோடு சேரச் சக்கரம் வைத்துச் செய்து கொடுத்த மரப்பசுவையும், அந்தச் சேர்க்கையில் பிறந்த காளைமனிதனை அடைக்கக் கட்டிய புதிர்மாளிகையையும் பற்றி நீட்டப் போவதில்லை. கட்டியவனே வாசலுக்குத் திரும்பத் திணறினான் என்கிறார் ஓவிட். அதற்குள்தான் ஏதென்ஸிலிருந்து ஏழு இளைஞர்களும் ஏழு பெண்களும் இரையாக அனுப்பப்பட்டார்கள்.

கடைசியாக, எதிரணி தொடாமல் தாண்டிப்போன விஷயம். டெடலஸிடம் தொழில் பழக வந்தவன் அவன் உடன்பிறந்தவள் மகன். பெர்டிக்ஸ் என்பார்கள், டாலோஸ் என்றும் சொல்வார்கள். பன்னிரண்டு வயது. மீனின் முள்வரிசையைப் பார்த்து இரும்புத் தகட்டில் பல் வெட்டி ரம்பம் செய்தான். இரண்டு கால்களை ஒரு முனையில் இணைத்து வட்டம் போடும் கவராயமும் செய்தான். ரம்பத்தில் பல் வெட்டுவது முதல் படிதான். பற்களை மாற்றி மாற்றி இடமும் வலமும் வளைத்துவிட வேண்டும். இல்லையென்றால் அறுத்த தடம் தகட்டின் கனத்துக்கே இருந்து, ஆழம் போகப் போகத் தகடு மரத்தில் இறுகிவிடும். இப்படி ஒவ்வொரு படியாக ஏறவேண்டிய பையனைத் தாய்மாமன் ஏதென்ஸ் கோட்டைக் குன்றிலிருந்து தள்ளிவிட்டான்.

ஆத்திரத்தில் நடந்தது என்று வாதாடுவீர்கள். உடலைப் புதைக்கும்போது யாரைப் புதைக்கிறாய் என்று கேட்டதற்கு, “பாம்பைப் புதைக்கிறேன்” என்று பதில் சொன்னானாம். கிரேக்க வரலாற்றாசிரியர் டியோடோரஸ் எழுதி வைத்திருக்கிறார். ஆத்திரக்காரனுக்கு அவ்வளவு நிதானம் வராது. ஏதென்ஸின் அரியோபகஸ் மன்றம் அவனைக் குற்றவாளி என்றது. அவனோ கிரீட்டுக்கு ஓடிப்போனான்.

இப்போது பிளினியின் பட்டியலை இன்னொரு முறை பாருங்கள், நடுவர் அவர்களே. ரம்பம் அதில் டெடலஸின் பெயரில் இருக்கிறது. கொன்றது பையனை; அவன் செய்த கருவியும் கொன்றவன் கணக்கிலேயே ஏறிவிட்டது. இதற்கும் சேர்த்துத்தான் எதிரணி கைதட்டச் சொல்கிறது. நன்றி, வணக்கம்.