நுண்ணுயிர்களைப் படிக்கத் தொடங்குவோருக்கு

வணக்கம். நுண்ணுயிர்களின் பரிணாமத்தையும் மூலக்கூறு உயிரியலையும் பற்றிப் படிக்க ஆசைப்படுகிறவர்கள் எந்தப் புத்தகத்தை முதலில் கையில் எடுக்கலாம் என்று வானொலியில் பேச அழைத்திருக்கிறார்கள். மாணவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விதான். பாடப்புத்தகத்தில் தொடங்காதீர்கள் என்பது எப்போதும் என் பதில். பாடப்புத்தகத்தின் மேல் எனக்குக் கோபம் ஒன்றும் இல்லை. ஆனால் அது முடிவை மட்டும் சொல்லும். டிஎன்ஏ இரட்டைச் சுருள், மரபணுவில் புரதத்துக்கான செய்தி இருக்கிறது, பாக்டீரியா மருந்தை எதிர்க்கிறது என்று வரிசையாக வரும். நாமும் தலையாட்டிக்கொண்டே பக்கத்தைப் புரட்டுவோம். இதெல்லாம் எப்படித் தெரிந்தது, யார் எதைச் செய்து பார்த்தார்கள் என்று கேட்கத் தோன்றாது. அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லும் புத்தகங்களைத்தான் இன்று சொல்லப்போகிறேன்.

முதலாவது, சால்வடோர் லூரியாவின் தன்வரலாறு. 1984-இல் வந்தது. பெயர் 'எ ஸ்லாட் மெஷின், எ புரோக்கன் டெஸ்ட் டியூப்'. ஸ்லாட் மெஷின் என்றால் காசைப் போட்டுக் கைப்பிடியை இழுக்கும் சூதாட்ட இயந்திரம். பெரும்பாலும் போட்ட காசு போனதுதான். எப்போதாவது ஒருமுறை கொட்டோ கொட்டென்று கொட்டும். ஒரு விஞ்ஞானி தன் வாழ்க்கைக் கதைக்கு இப்படிப் பெயர் வைப்பானேன்? அதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். எனக்கு மிகவும் பிடித்த கதை, நேரம் போனால் போகட்டும்.

லூரியா இத்தாலியின் டூரின் நகரில் பிறந்த யூதர். முசோலினியின் இனச் சட்டங்கள் வந்ததும் பாரிஸுக்குப் போனார். ஜெர்மன் படை பாரிஸை நெருங்கியபோது அங்கிருந்தும் தப்பி, கடைசியில் அமெரிக்கா வந்து சேர்ந்தார். 1943-இல் இண்டியானா பல்கலைக்கழகத்தில் வேலை. அவர் ஆராய்ந்தது பாக்டீரியாவைத் தாக்கிக் கொல்லும் வைரஸ்களை. ஃபேஜ் என்று அவற்றைச் சொல்வோம்.

கண்ணாடித் தட்டில் கோடிக்கணக்கான பாக்டீரியாக்களைப் பரப்பி, அவற்றோடு ஃபேஜைக் கலந்துவிட்டால் கிட்டத்தட்ட எல்லாம் செத்துப்போகும். ஆனால் மறுநாள் பார்த்தால் தட்டில் அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சில புள்ளிகள் முளைத்திருக்கும். ஒவ்வொரு புள்ளியும் தப்பித்த ஒரு பாக்டீரியாவின் வம்சம். அந்த வம்சத்தை அதே ஃபேஜ் ஒன்றும் செய்யாது. இது அன்றைக்கு எல்லாருக்கும் தெரிந்த விஷயம். எப்படித் தப்பித்தது என்பதில்தான் சண்டை. ஃபேஜ் வந்து தாக்கியதும், அந்தத் தாக்குதலாலேயே சில பாக்டீரியாக்கள் மாறிக்கொண்டனவா? அல்லது ஃபேஜ் வருவதற்கு முன்பே, எந்தக் காரணமும் இல்லாமல், தற்செயலாகச் சில மாறியிருந்தனவா? செத்ததும் பிழைத்ததும் கண்ணுக்குத் தெரிகிறது. பிழைத்தது எப்போது மாறியது என்பது தெரியவில்லை.

லூரியா மாதக்கணக்கில் இதையே யோசித்துக்கொண்டிருந்தார். ஒருநாள் பேராசிரியர்களுக்கான நடன விருந்து. அங்கே சக பேராசிரியர் ஒருவர் சூதாட்ட இயந்திரத்தில் காசைப் போட்டுப் போட்டுத் தோற்றுக்கொண்டிருக்கிறார். லூரியா பக்கத்தில் நின்று கேலி செய்கிறார். திடீரென்று இயந்திரம் சில்லறையாகக் கொட்டிவிட்டது. ஜெயித்தவர் இவரை ஒரு முறை முறைத்துவிட்டுப் போய்விட்டார். லூரியாவுக்கு அந்த இடத்திலேயே பொறி தட்டியது.

பொறி இதுதான். பாக்டீரியாவை ஒரே குழாயில் வளர்க்காமல் பல குழாய்களில் தனித்தனியாக வளர்க்க வேண்டும். ஒவ்வொன்றிலும் சில நூறு பாக்டீரியாக்களில் தொடங்கி, கோடிக்கணக்கில் பெருக விட்டு, பிறகு ஒவ்வொரு குழாயையும் ஒரு தட்டில் கொட்டி ஃபேஜைச் சேர்க்க வேண்டும். ஃபேஜ் தாக்கிய பிறகுதான் மாற்றம் வருகிறது என்றால், எல்லாத் தட்டிலும் ஏறக்குறைய ஒரே எண்ணிக்கைதான் பிழைக்கும். ஏனென்றால் எல்லாத் தட்டிலும் அதே கூட்டம், அதே தாக்குதல். மாற்றம் முன்பே தற்செயலாக வருகிறது என்றால் கதை வேறு. ஒரு குழாயில் மாற்றம் வெகு சீக்கிரம், ஆரம்பத் தலைமுறைகளிலேயே வந்துவிட்டால், அந்த ஒன்று இரண்டாகி, நான்காகி, எட்டாகி ஒரு பெரிய வம்சமே இருக்கும். கடைசி நேரத்தில் வந்தால் ஒன்றோ இரண்டோ. வராமலேயும் போகலாம். அதாவது பெரும்பாலும் பூஜ்யம், எப்போதாவது கொட்டோ கொட்டு. சூதாட்ட இயந்திரம் கொடுப்பது போலவே.

அவர் வெளியிட்ட ஒரு சோதனையில் 20 குழாய்கள். 11 குழாய்களில் ஒன்றுகூடப் பிழைக்கவில்லை. சிலவற்றில் ஒன்று, மூன்று, ஐந்து, ஆறு. ஒன்றில் 35, ஒன்றில் 64, இன்னொன்றில் 107! பக்கத்திலேயே ஒரு சரிபார்ப்பும் உண்டு. ஒரே பெரிய குழாயிலிருந்து பத்து முறை எடுத்துத் தட்டில் கொட்டிப் பார்த்தார். அங்கே 13, 14, 15, 16 என்று எல்லாம் அக்கம்பக்கத்திலேயே வந்தன, மிஞ்சிப்போனால் 26. ஆகவே 107 வந்தது எண்ணியதில் நேர்ந்த தடுமாற்றம் இல்லை. இதற்கான கணக்கைப் போட்டுக்கொடுத்தவர் இயற்பியலிலிருந்து உயிரியலுக்கு வந்த மாக்ஸ் டெல்புரூக். இருவரும் சேர்ந்து 1943-இலேயே 'ஜெனடிக்ஸ்' இதழில் வெளியிட்டார்கள். 1969-இல், இன்னொரு ஃபேஜ் ஆய்வாளரான ஆல்ஃபிரட் ஹெர்ஷியோடு சேர்த்து மூவருக்கும் நோபல் பரிசு. மூலக் கட்டுரையைத் தேடிப் பிடித்தால் கணக்குப் பகுதியைத் தாண்டிவிடுங்கள், எண்கள் இருக்கும் பக்கத்தை மட்டும் பாருங்கள். எனக்கு அந்த எண்களைப் பார்க்க இன்னும் அலுக்கவில்லை.

இப்போதுதான் ரேடியோவைத் திருப்பியவர்களுக்காக ஒருமுறை சுருக்கமாக: பாக்டீரியா ஆபத்தைப் பார்த்து மாறிக்கொள்வதில்லை. ஆபத்து வருவதற்கு முன்பே கூட்டத்தில் ஓரிரண்டு மாறி இருக்கின்றன. ஆபத்து மற்றவற்றைக் கொன்றுவிட்டு அந்த ஓரிரண்டுக்கு இடத்தைக் காலி செய்து கொடுக்கிறது.

ஏன் திரும்பத் திரும்பச் சொல்கிறேன் என்றால், ஆன்டிபயாடிக் விஷயத்தில் இன்றைக்கும் நாம் தலைகீழாகவே நினைக்கிறோம். மருந்தைப் பார்த்துக் கிருமி கற்றுக்கொள்கிறது என்று. சிலர் இன்னும் ஒரு படி மேலே போய், மருந்துக்கு நம் உடம்பு பழகிவிடுகிறது என்பார்கள். உடம்புக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. வைரஸால் வந்த சளிக்கு ஆன்டிபயாடிக் விழுங்கினால் வைரஸுக்கு ஒன்றும் ஆகாது. உடம்பில் சும்மா இருக்கும் பாக்டீரியாக்களில் மருந்துக்கு மசிகிறவை சாகும், மசியாதவை பெருகும். ஃபேஜுக்குச் சரி, மருந்துக்கும் இது பொருந்துமா என்று கேட்டால், பொருந்தும். 1952-இல் எஸ்தர் லெடர்பெர்க், ஜோஷுவா லெடர்பெர்க் என்ற அமெரிக்க மரபியலாளர்கள் அதைக் காட்டினார்கள். கருவி என்ன தெரியுமா? வெல்வெட் துணி. பாக்டீரியா வளர்ந்த தட்டில் துணியை ஒற்றி, அதே துணியை மருந்து கலந்த புதுத் தட்டுகளில் வரிசையாக ஒற்றினார்கள். எல்லாத் தட்டிலும் ஒரே இடத்தில் புள்ளி முளைத்தது. பழைய தட்டில் அதே இடத்தில் தேடி எடுத்தால், மருந்தையே பார்க்காத பாக்டீரியா, ஆனால் மருந்தை எதிர்க்கிறது.

சரி, உடைந்த சோதனைக்குழாய் என்ன ஆயிற்று? அதைச் சொல்லமாட்டேன். டிஎன்ஏவை வெட்டும் நொதிகளுக்கு, பிற்பாடு மரபணுப் பொறியியலுக்கே, வழி திறந்த சம்பவங்களில் அது ஒன்று. புத்தகத்தில் படித்துக்கொள்ளுங்கள்.

லூரியாவிடம் முதன்முதலில் முனைவர் பட்டத்துக்குச் சேர்ந்த மாணவர் ஜேம்ஸ் வாட்சன், டிஎன்ஏவின் இரட்டைச் சுருள் வடிவத்தைக் கண்டவர்களில் ஒருவர். அவர் எழுதிய 'தி டபுள் ஹெலிக்ஸ்', 1968. மூலக்கூறு உயிரியல் என்றாலே எல்லாரும் இதைத்தான் கையில் கொடுப்பார்கள். விறுவிறுப்பில் குறையே இல்லை, ஒரே மூச்சில் முடித்துவிடலாம். ஆனால் தனியாகப் படிக்காதீர்கள். டிஎன்ஏவை எக்ஸ்ரேயில் படமெடுத்து ஆராய்ந்த ரோசலிண்ட் ஃபிராங்க்ளினைப் பற்றி அதில் எழுதியிருப்பது நியாயமே இல்லை. அவர் ஆய்வகத்தில் எடுத்த எக்ஸ்ரே படம் அவருக்குத் தெரியாமல் வாட்சனுக்குக் காட்டப்பட்டது. அந்தப் புத்தகம் வந்தபோது பதில் சொல்ல ஃபிராங்க்ளின் உயிரோடு இல்லை, 1958-இல் 37 வயதிலேயே இறந்துவிட்டார். அதனால் பிரெண்டா மடாக்ஸ் 2002-இல் எழுதிய ஃபிராங்க்ளின் வரலாற்றையும் கூடவே வைத்துக்கொள்ளுங்கள். இரண்டையும் படித்தவர்தான் படித்தவர். பொறுமை நிறைய உள்ளவர்களுக்கு ஹொரேஸ் ஜட்சனின் 'தி எய்ட்த் டே ஆஃப் கிரியேஷன்' இருக்கிறது. தலையணை கனம். சம்பந்தப்பட்டவர்களையே நேரில் பேட்டி கண்டு எழுதியது.

இனி பரிணாமத்துக்கு வருவோம். பரிணாமத்தைக் கண்ணால் பார்க்க முடியாது, அதற்கு லட்சக்கணக்கான ஆண்டுகள் வேண்டும் என்று ஒரு நினைப்பு இருக்கிறது. அமெரிக்க உயிரியலாளர் ரிச்சர்ட் லென்ஸ்கி 1988 பிப்ரவரியில் 12 குடுவைகளில், நம் குடலிலும் வாழும் ஈ. கோலி என்ற பாக்டீரியாவை வளர்க்கத் தொடங்கினார். தினமும் ஒவ்வொரு குடுவையிலிருந்தும் நூற்றில் ஒரு பங்கை எடுத்துப் புதுக் குடுவைக்கு மாற்றுவார்கள். ஒரு நாளில் ஆறேழு தலைமுறை ஓடிவிடும். 500 தலைமுறைக்கு ஒருமுறை கொஞ்சம் எடுத்து உறைய வைப்பார்கள். உறைந்தது சாவதில்லை, வேண்டும்போது எழுப்பிக்கொள்ளலாம். பேரனையும் பாட்டனையும் ஒரே குடுவையில் போட்டியிட விடலாம் என்றால் பாருங்களேன்.

சுமார் 33,000 தலைமுறை ஆனபோது ஒரு குடுவை மட்டும் வழக்கத்துக்கு மாறாகக் கலங்கிக் கிடந்தது. குடுவையில் எப்போதும் இருந்த, ஆனால் ஆக்சிஜன் இருக்கும்போது ஈ. கோலியால் சாப்பிட முடியாத சிட்ரேட் என்ற பொருளை அது சாப்பிடத் தொடங்கியிருந்தது. பழைய உறைந்த மூதாதைகளை எழுப்பி மறுபடி ஓடவிட்டார்கள். 20,000 தலைமுறைக்குப் பிந்தையவற்றிலிருந்து மட்டுமே அந்தத் திறன் மறுபடி வந்தது. ஏதோ ஒரு முன்மாற்றம் சத்தமில்லாமல் வந்து காத்திருந்திருக்கிறது. லூரியாவின் குழாய்களில் பார்த்த அதே தற்செயல்தான் இங்கேயும், இன்னும் நீளமான கணக்கில். இந்த பாக்டீரியாவைப் பற்றி அறிய கார்ல் ஸிம்மரின் 'மைக்ரோகாஸம்' படியுங்கள், 2008-இல் வந்தது. வாங்கும்போது கவனம், 'மைக்ரோகாஸ்மாஸ்' என்று இன்னொரு புத்தகம் உண்டு. அதுவும் நல்ல புத்தகம்தான், ஆனால் வேறு.

அப்புறம், பாக்டீரியா அம்மாவிடமிருந்து மட்டும் மரபணு வாங்குவதில்லை, அக்கம்பக்கத்திலிருந்தும் வாங்கும். 1950-களில் ஜப்பானில் சீதபேதிக் கிருமி ஒரே நேரத்தில் பல மருந்துகளை எதிர்த்ததற்கு இதுதான் காரணம். இதையும் கார்ல் வோஸின் கதையையும் சேர்த்துச் சொல்வது டேவிட் குவாமனின் 'தி டாங்கிள்டு ட்ரீ', 2018. செல்லில் புரதம் செய்யும் இயந்திரம்தான் ரைபோசோம்; வோஸ் அதில் இருக்கும் ஆர்என்ஏவின் துண்டுகளை எக்ஸ்ரே ஃபிலிமில் பதித்து, விளக்குப் பலகையில் வைத்து ஆண்டுக்கணக்கில் கண் நோக ஒப்பிட்டுப் பார்த்தவர். மீத்தேன் உண்டாக்கும் சில நுண்ணுயிர்கள் பாக்டீரியாவே இல்லை, உயிர்களில் தனிப் பெரும்பிரிவு என்று 1977-இல் அறிவித்தார். இன்று அவற்றை ஆர்க்கியா என்கிறோம். அன்று பெரிய எதிர்ப்பு. வோஸோடு சேர்ந்து வேலை செய்த ரால்ஃப் வுல்ஃபுக்குத் தொலைபேசியில், இந்தப் பைத்தியக்காரத்தனத்திலிருந்து விலகிக்கொள் என்று எச்சரித்தவர் யார் தெரியுமா? நான் இவ்வளவு நேரம் புகழ்ந்த அதே லூரியா!

கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து கையைக் காட்டுகிறார்கள். மீதியை ஓட்டமாகச் சொல்லிவிடுகிறேன். லின் மார்குலிஸ், நம் செல்லுக்குள் சக்தி தயாரிக்கும் மைட்டோகாண்ட்ரியா ஒருகாலத்தில் தனி பாக்டீரியா என்று சொன்னவர். அவர் கட்டுரையை ஒரு டஜனுக்கும் மேற்பட்ட இதழ்கள் திருப்பி அனுப்பிய பிறகு 1967-இல் ஒரு இதழ் போட்டது. சற்று முன் சொன்ன 'மைக்ரோகாஸ்மாஸ்' அவரும் அவர் மகனும் எழுதியது. பாடப்புத்தகம் கட்டாயம் வேண்டும் என்றால் ஆல்பர்ட்ஸும் மற்றவர்களும் எழுதிய 'மாலிகுலர் பயாலஜி ஆஃப் தி செல்'. பழைய நான்காம் பதிப்பை அமெரிக்க அரசின் என்சிபிஐ இணையதளத்தில் இலவசமாகத் தேடிப் பார்க்கலாம். முதல் பக்கத்திலிருந்து படிக்காதீர்கள், மற்ற புத்தகங்களில் சந்தேகம் வந்த இடத்தை மட்டும் தேடுங்கள். வெங்கி ராமகிருஷ்ணனின் 'ஜீன் மெஷின்' பற்றிப் பேச இரண்டு நிமிடம் ஒதுக்கி வைத்திருந்தேன், அதை லூரியா தின்றுவிட்டார். ரைபோசோமின் வடிவத்தைக் கண்டுபிடிக்க நடந்த ஓட்டப்பந்தயம், போட்டியும் பதற்றமும் ஒளிவுமறைவில்லாமல் இருக்கும். 2018-இல் வந்தது. வணக்கம்.