சுவரைத் தாண்டி விழுந்த குப்பை

வணக்கம் நண்பர்களே. மேசையில் வழக்கமான பித்தளை டம்ளரைக் காணவில்லையே என்று கேட்கப்போகிறவர்களுக்கு முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: காப்பி போடக்கூட எழுந்திருக்கவில்லை. மூன்று இரவுகளாக, பழைய யூகோஸ்லாவியாவின் சரயேவோ தொலைக்காட்சிக்காக ஓர் இளைஞர் குழு எடுத்த 'டாப் லிஸ்டா நாட்ரெயலிஸ்டா' என்ற நையாண்டித் தொடரில் மூழ்கிக் கிடக்கிறேன்.

எரிச்சலையும் சொல்லியாக வேண்டும். 249 ரூபாய் கட்டி ஓரிடத்தில் வாங்கிய சப்டைட்டில் பதினொரு வினாடி தாமதமாக ஓடியது. நகைச்சுவையில் பதினொரு வினாடி என்பது ஒரு யுகம் அல்லவா? ஒவ்வொரு வரியாக இழுத்து இழுத்து நாற்பது வரிகளைச் சரிசெய்த பிறகுதான், மொத்தக் கோப்பையும் ஒரே சொடுக்கில் நகர்த்தலாம் என்று கண்டுபிடித்தேன். அந்த வெற்றிக்கு எழுந்து நின்று எனக்கு நானே கைதட்டிக்கொண்டேன்.

சரி, குறுநாடகத்துக்கு வருகிறேன். 1989-இல் ஒளிபரப்பான ஒன்றில் சரயேவோ நகரம் சுவரெழுப்பிக் கிழக்கு, மேற்கு என்று பிரிக்கப்பட்டிருக்கிறது; இருபுறத்துத் துப்புரவுப் பணியாளர்களும் தங்கள் குப்பையைச் சுவருக்கு மேலாக அடுத்த பக்கத்தில் வீசிச் சண்டையிடுகிறார்கள். பேச்சு நாட்டுப்பற்று, கையில் குப்பை. இந்தப் பொருத்தம்தான் எனக்கு மிகவும் பிடித்தது. இன்னொன்றில், அந்நாட்டின் முக்கிய மொழியான செர்போ-குரோவாசிய மொழி ஆறு தனி மொழிகளாகப் பிரிந்துவிட்டதாக ஒரு மொழியறிஞர் முகத்தில் சிரிப்பின் சாயலே இல்லாமல் விளக்குகிறார். 1991-இல் வந்த ஒன்றில் ஒரே அடுக்ககக் குடியிருப்புக்குள் ஒரு குடும்பமே அறை அறையாகப் போர் புரிகிறது.

முன்பே சொல்லியிருக்க வேண்டிய ஒன்றை மறந்துவிட்டேன். முதல் தொடர் 1984-இல் வந்தது. அதே ஆண்டின் இறுதியில் ரியேக்கா நகரக் கச்சேரியில், குழுவைச் சேர்ந்த நெலே கராய்லிச் 'மார்ஷல் செத்துவிட்டது' என்று சொல்லிவிட்டு, மார்ஷல் என்ற பெயர் கொண்ட ஒலிபெருக்கிக் கருவியைச் சொன்னேன் என்றார். அதிபராக இருந்த மார்ஷல் டிட்டோ இறந்து நான்காண்டுகளே ஆகியிருந்த நாட்டில் அந்தச் சிலேடைக்காகக் கராய்லிச்சின் இசைக்குழுவின் கச்சேரிகள் ரத்தாயின. இரண்டாம் தொடர் 1989-இல்தான் வந்தது.

பிறகு யூகோஸ்லாவியா உடைந்து உண்மையாகவே போர் மூண்டதால், இவர்களைத் தீர்க்கதரிசிகள் என்று புகழ்வது எனக்கு அறவே பிடிக்காது. வருவதை அவர்கள் சோதிடம் பார்த்துச் சொல்லவில்லை; மேடைகளில் தலைவர்கள் முழங்கிய பிரிவினையைக் குளியலறை வரையிலும் குப்பைத்தொட்டி வரையிலும் இழுத்துச் சென்று, அங்கே அது எப்படி நாறும் என்று காட்டினார்கள். தீர்க்கதரிசி என்று சொல்லிவிட்டால், அன்று பார்த்துச் சிரித்தவர்களுக்கும் எதுவும் தெரிந்திருக்க வாய்ப்பில்லை என்று ஆகிவிடுகிறது. அது பொய், தெரிந்துதான் சிரித்தார்கள்.

1992 ஏப்ரலில் சரயேவோ நகரின் முற்றுகை தொடங்கி ஏறத்தாழ நான்காண்டுகள் நீடித்தது. குழுவினரும் சிதறினார்கள்: கராய்லிச் செர்பியாவின் பெல்கிரேடுக்குச் சென்றார்; பிராங்கோ ஜூரிச் ஸ்லோவேனியாவுக்குச் சென்றார்; செனித் ஜோசிச் சரயேவோவிலேயே இருந்தார். நேற்றிரவு வரைபடத்தைத் திறந்து பார்த்தேன். கிழக்கு சரயேவோ என்ற பெயரில் இப்போது உண்மையாகவே தனி நகரம் இருக்கிறது. நடுவே சுவர் மட்டும் இல்லை.