நோட்டீசுக்கும் இடிப்புக்கும் இடையே

நேயர்களுக்கு வணக்கம்.

"அரசு நிலத்தை வளைத்துப் போட்டவனுக்கு விசாரணை ஒரு கேடா?" என்ற கேள்வி அடிக்கடி காதில் விழுகிறது. ஏரியும் ஓடையும் காணாமற்போய், ஒரு நாள் மழைக்கே தெருவில் வெள்ளம் நிற்கும் ஊர்களில் இந்தக் கோபத்தைக் குறை சொல்ல முடியாது. ஆனால், அந்த இடம் உண்மையிலேயே அரசு நிலம்தானா, ஆக்கிரமிப்பு வீடு முழுவதுமா அல்லது முன்புறத் திண்ணை மட்டுமா என்பவையெல்லாம் விசாரணையில்தான் தெரியவேண்டியவை. கேள்வியோ அவை முன்பே முடிவாகிவிட்டதாக எடுத்துக்கொள்கிறது.

நம் மாநிலத்தில் இதற்கு அடிப்படையாக இருப்பது 1905 ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டம். ஆக்கிரமிப்பாளரை வெளியேற்ற அதன் 6 ஆம் பிரிவு அதிகாரம் தருகிறது. அதற்கு முன்னதாக, உங்கள்மீது ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று விளக்கம் கேட்டு அறிவிப்புத் தரவேண்டும் என்கிறது 7 ஆம் பிரிவு. குடிமக்களின் உரிமைகளைப் பற்றிப் பெரிதாகக் கவலைப்படாத ஆங்கிலேய அரசே, கேட்காமல் அகற்றுவது சரியல்ல என்று எழுதி வைத்திருக்கிறது என்பதைக் கவனிக்க வேண்டும்.

சட்டத்தில் உள்ள இந்தப் பாதுகாப்பு பெரும்பாலும் நோட்டீஸ் தாளிலேயே தேய்ந்துபோகிறது. கிராம நிர்வாக அலுவலர் கொண்டுவந்து கொடுக்கும், அல்லது ஆளில்லாத நேரத்தில் கதவில் ஒட்டிவிட்டுப் போகும் தாளில், புல எண் மட்டும் நிரப்பப்பட்டு, ஆக்கிரமிப்பின் பரப்பளவும் நான்கெல்லையும் வெறுமையாக விடப்பட்டிருப்பதை நான் கண்டிருக்கிறேன். எந்த அடி முதல் எந்த அடி வரை தன் சுவர் அரசு நிலத்தில் நிற்கிறது என்று தெரியாதவர் எதற்கு விளக்கம் எழுதுவார்? மின் கட்டண அட்டையையும் வீட்டு வரி ரசீதையும் தூக்கிக்கொண்டு தாலுகா அலுவலகத்துக்கு ஓடுவார். அவை அவர் அங்கே குடியிருப்பதைக் காட்டுமே தவிர, நிலம் யாருடையது என்பதற்குச் சான்றாகா. அவருக்கு வேண்டியவை நில அளவர் தயாரித்த வரைபடமும், ஒவ்வொரு புல எண்ணின் வகைப்பாட்டையும் உரிமையையும் காட்டும் வருவாய்த் துறையின் 'அ' பதிவேட்டின் நகலும். அறிவிப்போடு இவ்விரண்டையும் இணைத்துக் கொடுப்பதைக் கட்டாயமாக்கினால், பாதி வழக்குகள் உயர்நீதிமன்றப் படியேறாமலே முடிந்துவிடும் என்பது என் துணிபு.

நிலத்தின் வகைப்பாடும் முக்கியம். கிராம நத்தம் குடியிருப்புக்கான நிலம். அது அரசுக்கு உரியதாகாது, நில ஆக்கிரமிப்புச் சட்டம் அதற்குப் பொருந்தாது என்று சென்னை உயர்நீதிமன்றம் பலமுறை கூறியுள்ளது. நத்தத்தைப் புறம்போக்கு என்று கருதி அனுப்பப்பட்ட அறிவிப்பு, விசாரணை ஒழுங்காக நடந்தால் அங்கேயே விழுந்துவிடும்.

உரிமை குறித்து உண்மையான தகராறு இருந்தால் என்ன செய்வது? உஸ்மானியா பல்கலைக்கழகத்துக்காகக் கையகப்படுத்தப்பட்டதாகச் சொல்லப்பட்ட ஐதராபாத் நிலம் ஒன்றைப் பற்றிய வழக்கில், 1982 இல் உச்ச நீதிமன்றம் இதற்கு விடை சொன்னது. நீண்ட காலமாக வெளிப்படையாக அனுபவித்து வருபவர் நேர்மையாக உரிமை கோரும்போது, அரசு தன் கட்சிக்குத் தானே தீர்ப்பெழுதி, அதிகாரிகளே நடத்தும் சுருக்கமான விசாரணையில் அவரை வெளியேற்ற முடியாது; உரிமையியல் நீதிமன்றத்துக்குத்தான் போகவேண்டும். அங்கேயும் பேசப்பட்டது 1905 ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டமே.

உரிமையே இல்லாதவரின் நிலை வேறு. பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில், முன்னறிவிப்பின்றி அகற்றலாம் என்று மாநகராட்சிச் சட்டமே இடம் கொடுத்திருந்தது. அந்த அதிகாரத்தை அரிதான அவசரங்களில் மட்டுமே பயன்படுத்தலாம், சொல்வதற்கு அவரிடம் ஒன்றுமிருக்காது என்று நினைத்துக்கொண்டு விசாரணையைத் தவிர்க்கக் கூடாது என்று 1985 இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே தீர்ப்பு நடைபாதையில் நிரந்தரமாகத் தங்க உரிமை தரவில்லை. மழைக்காலம் கழிய, அந்த ஆண்டு அக்டோபர் 31 வரை அவகாசம் மட்டுமே தந்தது. பொது நிலங்களை மீட்பதில் மிகக் கடுமை காட்டிய உச்ச நீதிமன்றத்தின் 2011 ஆம் ஆண்டு ஜக்பால் சிங் வழக்குத் தீர்ப்பும்கூட, விளக்கம் கேட்கும் அறிவிப்பையும் சுருக்கமான விசாரணையையும் விட்டுவிடவில்லை.

2024 நவம்பர் 13 அன்று, குற்றம் சாட்டப்பட்டவர்களின் வீடுகளை அதிகாரிகள் இடித்ததை எதிர்த்து வந்த 'புல்டோசர்' வழக்கில், 15 நாள் முன்னறிவிப்பு, நேரடி விசாரணை, காரணங்களோடு கூடிய உத்தரவு, இடிப்பின் காணொளிப் பதிவு ஆகியவற்றை உச்ச நீதிமன்றம் கட்டாயமாக்கியபோது பலர் நிம்மதியடைந்தனர். ஆனால் சாலை, நடைபாதை, இருப்புப்பாதையோரம், ஆறு, நீர்நிலை ஆகிய பொது இடங்களில் உள்ள அனுமதியற்ற கட்டுமானங்களுக்கு அந்த நெறிமுறைகள் பொருந்தாது என்றும் அதே தீர்ப்பு கூறுகிறது. மிக ஏழைகள் குடியிருப்பது பெரும்பாலும் இந்த இடங்களில்தான். ஆகவே அவர்களுக்குப் பழைய சட்டத்தின் 7 ஆம் பிரிவும் பழைய தீர்ப்புகளுமே துணை. நீர்நிலைக்கென 2007 இல் வந்த தனிச் சட்டத்திலும், அகற்றும் முன் பாதிக்கப்படுபவரைக் கேட்கவேண்டும் என்று சென்னை உயர்நீதிமன்றம் 2010 இல் வலியுறுத்தியது.

கடைசியாக, உத்தரவுக்குப் பிந்தைய நாட்கள். 1905 ஆம் ஆண்டுச் சட்டம் மேல்முறையீட்டுக்கு வழி வைத்திருக்கிறது. உத்தரவு மாலையில் கைக்கு வந்து, மறுநாள் காலையில் ஜேசிபி வாசலில் நின்றால், மேல்முறையீட்டில் வெற்றி பெற்றாலும் மீட்பதற்கு வீடு இருக்காது. எனவே உத்தரவு கிடைத்த அன்றே, பெற்றுக்கொண்ட தேதியைக் குறித்துக் கையொப்பமிட்டு, மேல்முறையீட்டு மனுவோடு இடைக்காலத் தடை கோரும் மனுவையும் சேர்த்துக் கொடுத்து, அலுவலக முத்திரையிட்ட ஒப்புகையை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

வணக்கம்.