ஆற்று வாயில் நின்ற தளபதி

நண்பர்களே, வணக்கம். ஒபோபோ ராஜா ஜாஜாவைப் பாமாயில் வியாபாரி என்றுதான் பலரும் சொல்வார்கள். நான் அவரைத் தளபதியாகப் பார்க்கிறேன்.

1821 வாக்கில், இன்றைய நைஜீரியாவின் இக்போ நாட்டில் பிறந்தவர். பன்னிரண்டு வயதில் அடிமையாக விற்றுவிட்டார்கள். போய்ச் சேர்ந்த இடம் போனி என்ற கடலோர ஊர். அங்கே ‘வீடு’ என்றால் குடும்பம் மட்டுமில்லை, வியாபாரக் கூட்டமும் படையும் சேர்ந்தது. ஒரு போர்ப்படகுக்கு ஆளும் ஆயுதமும் கொடுக்க முடிந்தால்தான் வீடு என்ற மதிப்பு. பெரிய மரத்தைக் குடைந்த படகு. இரண்டு பக்கமும் துடுப்புக்காரர்கள், முனையில் கட்டிய பீரங்கி. துடுப்புப் போடும் அடிமையும் திறமை இருந்தால் அந்த வீட்டுக்கே தலைவராகலாம். 1863-இல் ஜாஜா அப்படித்தான் அன்னா பெப்பிள் வீட்டுக்குத் தலைவரானார். முந்தைய தலைவர் விட்டுப்போன கடனைப் பார்த்து மற்றவர்கள் ஒதுங்கிக்கொண்டார்கள். இவர் இரண்டே ஆண்டில் அடைத்தார்.

1869-இல் போனியின் இன்னொரு வீடான, ஓகோ ஜம்போவின் மானில்லா பெப்பிள் வீட்டோடு போர் மூண்டது. எதிரியின் கை ஓங்கியிருந்தது. ஜாஜா சமாதானம் பேசி நாள் கடத்தினார். அப்புறம் தன் ஆட்களோடு கிழக்கே அண்டோனிப் பக்கம் கிளம்பிவிட்டார். பார்க்கிறவர்களுக்கு ஓட்டம் மாதிரித்தான் தெரியும். ஆனால் அவர் போய் உட்கார்ந்த இடத்தைப் பாருங்கள்: இமோ ஆற்றின் முகத்துவாரம்! உள்நாட்டுப் பாமாயில் போனிக்கு வரும் வழியே அதுதான். அங்கேதான் ஒபோபோ என்ற ஊரை உண்டாக்கினார். போனியின் 18 வீடுகளில் 14 அவரோடு வந்தன. வழி அடைபட்டதும் போனியின் வியாபாரம் படுத்துவிட்டது. 1873-இல் பிரிட்டனே அவரை ராஜாவாக ஏற்றது.

1884-இல் பிரிட்டிஷார் ஒரு பாதுகாப்பு ஒப்பந்தத்தை அவர் முன் வைத்தார்கள். ‘பாதுகாப்பு’ என்றால் என்ன அர்த்தம் என்று விளக்கம் கேட்டு வாங்கினார். தடையில்லா வியாபாரம் பற்றிய பிரிவை எடுக்கவைத்த பிறகே கையெழுத்துப் போட்டார்.

அப்படிப்பட்டவரை எப்படிப் பிடித்தார்கள்? 1887 செப்டம்பரில் பிரிட்டனின் பிரதிநிதியான கான்சல் ஹாரி ஜான்ஸ்டன் பேச அழைத்தார். தன் யோசனைகளுக்குச் சம்மதித்தாலும் மறுத்தாலும் தடுத்துவைக்க மாட்டோம் என்று எழுதிக் கொடுத்தார். ஜாஜா நம்பிப் போனார். கோஸ்ஹாக் என்ற போர்க்கப்பல் பக்கத்திலேயே நின்றது. சரணடையாவிட்டால் குண்டுவீச்சு என்றார்கள். ஊரைக் காப்பாற்றச் சரணடைந்தார் என்றே நான் நினைக்கிறேன். அந்தக் கடிதத்தை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு நெஞ்சு கொதிக்கிறது.

இன்றைய கானாவின் அக்ராவில் விசாரணை, மேற்கிந்தியத் தீவுகளுக்கு நாடுகடத்தல். 1891-இல் திரும்பிவர அனுமதி கிடைத்தது. வரும் வழியில் டெனரீஃப் தீவில் உயிர் போயிற்று. ஒபோபோ மக்கள் அவர் உடலைக் கொண்டுவந்து தங்கள் மண்ணில் அடக்கம் செய்தார்கள்.